ஜூன் ஒன்றாம் தேதி

ஒரு ஊராட்சி ஒன்றியத் தொடக்கப் பள்ளியை எடுத்துக்கொள்வோம். தமிழ்நாட்டில் எந்த மாவட்டமாக இருந்தாலும் சரி. இரண்டு ஆசிரியர்கள். ஒருவர் முதல் மூன்று வகுப்புகளைப் பார்த்துக்கொள்கிறார், இன்னொருவர் நான்கையும் ஐந்தையும். இருவரும் பன்னிரண்டாம் வகுப்புக்குப் பிறகு இரண்டு வருட ஆசிரியர் பயிற்சி முடித்தவர்கள். இருவரும் எம்ப்ளாய்மென்ட் ஆபீசில் பதிந்துவிட்டு, வருடக்கணக்கில் காத்திருந்து, பதிவு மூப்பில் ஆர்டர் வாங்கியவர்கள். ஒருவர் லீவு போட்டால் இன்னொருவர் ஐந்து வகுப்பையும் ஒரே அறையில் உட்கார வைத்துச் சமாளிப்பார். வேறுபாடு ஒன்றே ஒன்றுதான். முதலாமவர் 2009 மே 31-க்குள் பணியில் சேர்ந்தவர். இரண்டாமவர் ஜூன் 1-க்குப் பிறகு சேர்ந்தவர்.

முதலாமவருக்கு அடிப்படைச் சம்பளம் குறைந்தபட்சம் 8,370 ரூபாய் என்று நிர்ணயமானது. இரண்டாமவருக்கு 5,200. தர ஊதியம் இருவருக்கும் 2,800 தான். ஆக, வித்தியாசம் 3,170 ரூபாய். இது அடிப்படையில் மட்டும். அகவிலைப்படி அடிப்படையின் மேல் ஏறுவதால் கையில் வாங்கும் பணத்தில் இடைவெளி இன்னும் பெரிது.

இதை ஒரு சில்லறைக் கணக்குப் பிழை என்று தாண்டிப் போய்விடலாம். ஆனால் தமிழ்நாட்டு அரசுப் பள்ளி ஆசிரியரின் வரலாற்றைப் புரட்டினால் இந்த ஜூன் ஒன்று திரும்பத் திரும்ப வந்துகொண்டே இருக்கிறது. 1981 ஜூன் 1. 1988 ஜூன் 1. 2006 ஜூன் 1. 2009 ஜூன் 1. பள்ளி திறக்கிற மாதம் என்பதால் அரசாணைகளுக்கு அது வசதியான தேதி, அவ்வளவுதான். ஆனால் ஒவ்வொரு முறையும் அந்தத் தேதி ஸ்டாஃப் ரூமின் நடுவே ஒரு கோடு போட்டது. கோட்டுக்கு இந்தப் பக்கம் இருந்தவர்கள் நீதிமன்றத்துக்குப் போனார்கள். அங்கே என்ன நடந்தது என்பதையும் சேர்த்தால்தான் இந்தக் கதை முழுசாகும்.

1981-க்கு முன்னால் கிராமத்துத் தொடக்கப் பள்ளி ஆசிரியர் அரசு ஊழியர் இல்லை. மாவட்ட போர்டுகளின் கீழ் இருந்த பள்ளிகள், 1958-ம் ஆண்டு பஞ்சாயத்துச் சட்டத்துக்குப் பிறகு ஊராட்சி ஒன்றியங்களுக்கு வந்தன. "யூனியன் வாத்தியார்" என்ற பெயர் அப்போது வந்ததுதான். ஒன்றிய ஆணையர் ஆபீசிலிருந்துதான் சம்பளம் வர வேண்டும். உதவி பெறும் பள்ளிகளில் நிலைமை வேறு மாதிரி. ஒரு தொகைக்குக் கையெழுத்துப் போட்டுவிட்டு வேறு தொகையை வாங்கிக்கொண்டு போன மேனேஜ்மென்ட் பள்ளி ஆசிரியர்களின் கதை அந்தத் தலைமுறைக் குடும்பங்கள் பலவற்றில் இருக்கும். மாஸ்டர் ராமுண்ணி போன்றவர்கள் சங்கம் கட்டியது இந்தப் பின்னணியில்தான். சட்ட மேலவையில் ஆசிரியர்களுக்கென்று தனித் தொகுதிகள் இருந்த காலம் அது. 1986 நவம்பரில் மேலவையே இல்லாமல் போனது, அது வேறு கதை.

1981 ஜூன் 1 முதல் ஒன்றியப் பள்ளி ஆசிரியர்கள் அரசு ஊழியர்கள் ஆனார்கள். எம்.ஜி.ஆர். அரசு செய்த காரியங்களில் இது அதிகம் பேசப்படாத ஒன்று. பென்ஷன், மாறுதல், ஒழுங்கு நடவடிக்கை எல்லாம் அரசு விதிகளுக்குள் வந்தன. பள்ளியின் பெயர்ப் பலகை மட்டும் மாறவில்லை, இன்றைக்கும் "ஊராட்சி ஒன்றியத் தொடக்கப் பள்ளி" தான். பதவி உயர்வுக்கான முன்னுரிமைப் பட்டியலின் அலகும் ஒன்றியமாகவே நீடித்தது. 2023 டிசம்பரில்தான் அரசாணை 243 அதை மாநில அளவுக்கு மாற்றியது. அதற்கும் போராட்டம், அதற்கும் வழக்கு.

அடுத்த கோடு 1988. குடியரசுத் தலைவர் ஆட்சி நடந்துகொண்டிருந்தது. ஆசிரியர்களும் அரசு ஊழியர்களும் சேர்ந்து நீண்ட வேலைநிறுத்தம் நடத்தினார்கள். கோரிக்கை எளிமையானது: டெல்லியில் மத்திய அரசுப் பள்ளியில் ஐந்தாம் வகுப்பு எடுக்கிறவருக்கு என்ன சம்பளமோ அதே சம்பளம் இங்கேயும் வேண்டும். 1989-ல் வந்த கருணாநிதி அரசு, 1988 ஜூன் 1 முதல் மத்திய அரசுக்கு இணையான ஊதிய விகிதங்களை ஒப்புக்கொண்டது. இடைநிலை ஆசிரியருக்கு 1,200–2,040. மத்திய அரசின் தொடக்கப் பள்ளி ஆசிரியருக்கும் அதேதான். 1996-ல் அது 4,500–7,000 ஆனபோதும் இங்கேயும் அங்கேயும் ஒன்றாகவே இருந்தது. இருபது ஆண்டுகள் இந்தச் சமநிலை நீடித்தது. பின்னால் நடந்ததைப் புரிந்துகொள்ள இதை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

இப்போது 2003. இங்கே கொஞ்சம் நிதானித்துத்தான் போக வேண்டும்.

ஜெயலலிதா அரசு 2001-ல் வந்தவுடன் கஜானா காலி என்று அறிவித்தது. புதிய நியமனங்களுக்குத் தடை. ஈட்டிய விடுப்பை சரண்டர் செய்து பணமாக வாங்கும் உரிமை, போனஸ், பென்ஷன் பலன்கள் என்று ஒவ்வொன்றிலும் கை வைத்தார்கள். 2003 ஏப்ரல் 1-க்குப் பிறகு வேலையில் சேர்கிறவர்களுக்குப் பழைய பென்ஷன் கிடையாது, பங்களிப்பு ஓய்வூதியம்தான் என்று ஆனது. (இது ஜூனில் வராமல் ஏப்ரலில் வந்த கோடு. ஆனால் எல்லாக் கோடுகளிலும் ஆழமானது இதுதான் என்று நினைக்கிறேன்.) 2002-லேயே அத்தியாவசியப் பணிகள் பராமரிப்புச் சட்டம், அதாவது எல்லோரும் "எஸ்மா" என்று சொன்ன சட்டம், தயாராக இருந்தது.

ஜூலை 2-ம் தேதி வேலைநிறுத்தம் தொடங்கியது. அதற்கு முன்பே நள்ளிரவில் வீடு புகுந்து தலைவர்களைக் கைது செய்யத் தொடங்கிவிட்டார்கள். ஜூலை 4-ம் தேதி அவசரச் சட்டம். விசாரணை இல்லை, நோட்டீஸ் இல்லை. வேலைக்கு வராதவர்களை அப்படியே டிஸ்மிஸ் செய்யலாம். சில நாட்களுக்குள் டிஸ்மிஸ் ஆனவர்களின் எண்ணிக்கை ஏறக்குறைய 1 லட்சத்து 70 ஆயிரம். சுதந்திர இந்தியாவில் ஒரு மாநில அரசு ஒரே வீச்சில் இத்தனை பேரை வீட்டுக்கு அனுப்பியதில்லை. இருபத்தைந்து வருட சர்வீஸ் போட்ட தலைமையாசிரியரும் அந்தப் பட்டியலில் இருந்தார், போன வருடம் கருணை அடிப்படையில் சேர்ந்த இளநிலை உதவியாளரும் இருந்தார்.

வழக்கு சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனது. தனி நீதிபதி இடைக்கால நிவாரணம் கொடுத்தார். அரசு மேல்முறையீடு செய்ய, டிவிஷன் பெஞ்ச் அதை ரத்து செய்தது. காரணம், இது சர்வீஸ் விவகாரம், முதலில் மாநில நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போங்கள் என்பது. சட்டப்படி பார்த்தால் தவறில்லாத பதில்தான். ஆனால் அன்றைக்கு அந்தத் தீர்ப்பாயத்தில் இருந்தது ஒரே ஒரு உறுப்பினர். லட்சத்து எழுபதாயிரம் பேர் வரிசையில் நின்றால், ஒரு நாளைக்கு நூறு வழக்கு முடித்தாலும், ஞாயிற்றுக்கிழமை உட்பட உட்கார்ந்தாலும் நாலரை வருடத்துக்கு மேல் ஆகும்.

சி.பி.எம். தலைவர் டி.கே. ரங்கராஜன் பெயரில் வழக்கு உச்ச நீதிமன்றம் போனது. எம்.பி. ஷா, ஏ.ஆர். லட்சுமணன் அமர்வு. ஜூலை 24-ம் தேதி ஒரு வழி பிறந்தது. அரசு பெரும்பாலானவர்களை மீண்டும் வேலையில் சேர்த்துக்கொள்ளும். ஆனால் ஒவ்வொருவரும் நிபந்தனையற்ற மன்னிப்புக் கடிதம் கொடுக்க வேண்டும். அரசு ஊழியர் நடத்தை விதி 22-ஐ மதித்து நடப்பேன், அதாவது இனி வேலைநிறுத்தம் செய்ய மாட்டேன், என்று எழுதித் தர வேண்டும். கைதானவர்களும் வழக்குப் பதிவானவர்களும் இதில் வரமாட்டார்கள். ஆறாயிரத்துக்கும் மேற்பட்டவர்களின் கதியை ஓய்வு பெற்ற உயர் நீதிமன்ற நீதிபதிகள் மூன்று பேர் பார்ப்பார்கள்.

வகுப்பில் பிள்ளைகளிடம் மன்னிப்புக் கடிதம் எழுதி வாங்கிப் பழகியவர்கள் அந்த வாரம் தாங்களே எழுதினார்கள்.

ஆகஸ்ட் 6-ம் தேதி தீர்ப்பு. இத்தனை பெரிய கூட்டத்துக்கு வேறு போக்கிடமில்லாத நிலையில் உயர் நீதிமன்றம் தன் அதிகாரத்தைப் பயன்படுத்தியிருக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அது ஊழியர்களுக்குச் சாதகமான பகுதி. ஆனால் அந்தத் தீர்ப்பு நினைவில் நிற்பது மற்ற பகுதிக்காக. அரசு ஊழியர்களுக்கு வேலைநிறுத்தம் செய்ய அடிப்படை உரிமை இல்லை, சட்ட உரிமையும் இல்லை, தார்மீக நியாயமும் இல்லை என்றது. முதல் இரண்டையும் நீதிமன்றம் சொல்லலாம், அதற்கு முன்னுதாரணத் தீர்ப்புகள் உண்டு. மூன்றாவதைச் சொல்ல அங்கே தேவை என்ன இருந்தது என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. அதற்குக் கொடுத்த காரணங்களில் ஒன்று கவனிக்க வேண்டியது. படித்துவிட்டு அரசு வேலைக்காக எத்தனையோ பேர் காத்திருக்கும் நாட்டில், உள்ளே இருப்பவர்கள் வேலைநிறுத்தம் செய்வதை நியாயப்படுத்த முடியாது என்று தீர்ப்பு சொல்கிறது.

வெளியே காத்திருப்பவரை உள்ளே இருப்பவருக்கு எதிராக நிறுத்துகிற வாதம் இது. அரசும் இதைத்தான் நம்பியிருந்தது, காலியான நாற்காலிகளுக்கு உடனே தொகுப்பூதியத்தில் ஆள் எடுக்கத் தொடங்கியதும் அதனால்தான். 2004 நாடாளுமன்றத் தேர்தலில் நாற்பதும் போன பிறகு, மே மாதத்தில் ஜெயலலிதா ஊழியர்கள் மீதான நடவடிக்கைகளைத் திரும்பப் பெற்றுக்கொண்டார். நீதிமன்றத்தில் பாதியாகக் கிடைத்தது ஓட்டுப் பெட்டியில் முழுசாகக் கிடைத்தது என்று அப்போது சங்கக்காரர்கள் சந்தோஷமாகத்தான் பேசிக்கொண்டார்கள். தீர்ப்பு மட்டும் அப்படியே நின்றது. 2017-லும் 2019 ஜனவரியிலும் ஜாக்டோ-ஜியோ வேலைநிறுத்தம் நடத்தியபோதெல்லாம் அரசுத் தரப்பின் கையில் இருந்தது இந்தத் தீர்ப்புதான்.

அந்தக் "காத்திருப்பவர்கள்" என்ன ஆனார்கள்? 2003-க்கும் 2006-க்கும் இடையில் பள்ளிகளுக்கு வந்த புதிய ஆசிரியர்கள் அவர்கள்தான். இடைநிலை ஆசிரியருக்கு மாதம் 3,000 ரூபாய், பட்டதாரி ஆசிரியருக்கு 4,000, முதுகலை ஆசிரியருக்கு 4,500. தொகுப்பூதியம். இன்கிரிமென்ட் கிடையாது, டி.ஏ. கிடையாது. பக்கத்து வகுப்பு ஆசிரியர் வாங்குவதில் மூன்றில் ஒரு பங்குகூட வராது. பத்து வருடம் பதிவு மூப்புக்குக் காத்திருந்தவர், முப்பத்தைந்து வயதில், இரண்டு பிள்ளைகளை வைத்துக்கொண்டு, வெளியூரில் வாடகைக்கு வீடு பிடித்து, இந்த மூவாயிரத்தில் குடும்பம் நடத்த வேண்டும். ஆனாலும் வந்தார்கள். "இன்றைக்கு இல்லாவிட்டால் நாளைக்குப் பெர்மனென்ட் பண்ணாமலா போய்விடுவார்கள்" என்ற கணக்கு. தமிழ்நாட்டில் அந்தக் கணக்கு பெரும்பாலும் தப்பியதில்லை.

2006 ஏப்ரல் 10-ம் தேதி உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு உமாதேவி வழக்கில் தீர்ப்புச் சொன்னது. கொல்லைப்புற வழியாகத் தற்காலிக வேலைக்கு வந்தவர்கள் நிரந்தரம் கேட்டு உரிமை கொண்டாட முடியாது என்பது அதன் சாரம். நம் தொகுப்பூதியக்காரர்கள் கொல்லைப்புறமாக வந்தவர்கள் இல்லை. பதிவு மூப்பிலும் ஆசிரியர் தேர்வு வாரியத்தின் தேர்விலும் முறையாகத் தேர்வாகி வந்தவர்கள். நியமனம் சரி, சம்பளம்தான் தப்பு. மே மாதத்தில் ஆட்சி மாறியது. 2006 ஜூன் 1 முதல் அவர்கள் அனைவரும் காலமுறை ஊதியத்துக்கு வந்தார்கள். நல்ல காரியம், மறுக்க முடியாது. ஆனால் அங்கேயும் கோடு விழுந்தது. மூவாயிரம் ரூபாய்க்கு வேலை பார்த்த அந்த இரண்டு மூன்று ஆண்டுகள் இன்கிரிமென்டுக்கு எண்ணிக்கையில் வராது. எஸ்.ஆர். புத்தகத்தில் பணியேற்ற நாள் 2006 ஜூன் 1 என்று தொடங்கும். அந்த ஆண்டுகளைப் பணிக்காலமாகச் சேர்க்கக் கேட்டு ஆசிரியர்கள் அப்புறமும் அலைந்துகொண்டேதான் இருந்தார்கள்.

இனி 2009. இந்தக் கணக்கைப் பொறுமையாகப் பார்க்க வேண்டும், ஏனென்றால் அநியாயம் இங்கே பெருக்கல் குறிக்குள் ஒளிந்திருக்கிறது.

மத்திய அரசின் ஆறாவது ஊதியக் குழுவைப் பின்பற்றி தமிழ்நாடு அரசு அரசாணை 234-ஐ வெளியிட்டது. தேதி, 2009 ஜூன் 1. ஏற்கெனவே வேலையில் இருப்பவருக்கு விதி இது: பழைய அடிப்படைச் சம்பளத்தை 1.86-ஆல் பெருக்கு, தர ஊதியத்தைக் கூட்டு. இடைநிலை ஆசிரியரின் பழைய ஆரம்பச் சம்பளம் 4,500. பெருக்கினால் 8,370. அதோடு 2,800 சேர்த்தால் 11,170. புதிதாகச் சேர்கிறவருக்குப் பெருக்குவதற்குப் பழைய சம்பளம் எதுவும் இல்லை. எனவே ஊதியக் கட்டின் அடிமட்டமான 5,200. அதோடு 2,800. மொத்தம் 8,000.

ஆண்டுக்கு மூன்று சதவீத இன்கிரிமென்ட். எட்டாயிரத்திலிருந்து 11,170-ஐத் தொட பதினோரு ஆண்டுக்கு மேல் ஆகும். அதற்குள் முதலாமவர் எங்கேயோ போயிருப்பார். சதவீதம் ஒன்றுதான் என்றாலும் முதல் இன்கிரிமென்ட் அவருக்கு 335 ரூபாய் சொச்சம், இவருக்கு 240. இடைவெளி வருடா வருடம் அகலும். 2017-ல் ஏழாவது ஊதியக் குழு 2.57-ஆல் பெருக்கியது. 3,170-ஐ 2.57-ஆல் பெருக்கிப் பாருங்கள், எட்டாயிரத்தைத் தாண்டும். புதியவரின் 8,000 அப்போது 20,600 ஆனது. இன்றைக்கும் இந்த விவகாரத்தை அறிந்தவர்கள் மத்தியில் "இருபதாயிரத்து அறுநூறு" என்று சொன்னாலே போதும், யாரைச் சொல்கிறோம் என்று புரிந்துவிடும்.

மற்ற ஆசிரியர்களுக்கு ஏன் இது நடக்கவில்லை? பட்டதாரி ஆசிரியரின் பழைய ஆரம்பச் சம்பளம் 5,500. 1.86-ஆல் பெருக்கினால் 10,230. புதிதாகச் சேர்ந்த பட்டதாரி ஆசிரியருக்கு ஆரம்பம் 9,300. வித்தியாசம் 930 ரூபாய். இடைநிலை ஆசிரியரை மட்டும் 9,300 கட்டில் வைக்காமல் 5,200 கட்டில் வைத்ததால் இடைவெளி மூன்று மடங்குக்கும் மேல் போய்விட்டது. மத்திய அரசின் தொடக்கப் பள்ளி ஆசிரியரோ 9,300 கட்டுக்கும் 4,200 தர ஊதியத்துக்கும் உயர்ந்திருந்தார். அதாவது 1988 ஜூன் 1-ல் வாங்கிய சமநிலை 2009 ஜூன் 1-ல் போனது. ஒரே அரசாணையில் இரண்டு அடி: டெல்லி ஆசிரியருக்கும் இவருக்கும் இடையில் ஒரு கோடு, பக்கத்து நாற்காலிக்காரருக்கும் இவருக்கும் இடையில் இன்னொரு கோடு.

இது தெரியாமல் நடந்த பிழையா என்று கேட்டால், எனக்குச் சந்தேகம்தான். இந்தச் சிக்கல் வரும் என்று மத்திய அரசு முன்கூட்டியே கண்டுகொண்டிருந்தது. 2008-ல் வந்த மத்திய ஊதியத் திருத்த விதிகளில் நேரடி நியமனக்காரர்களுக்கென்று ஒரு தனி அட்டவணை உண்டு. தர ஊதியம் 2,800 என்றால், புதிதாகச் சேர்கிறவரின் ஆரம்பச் சம்பளம் 5,200 இல்லை, 8,560. மொத்தம் 11,360. அந்த ஒரு வரியை நம் அரசாணையில் சேர்த்திருந்தால் 3,170 ரூபாய்ப் பிரச்சினை பிறந்தே இருக்காது. ஆறாவது ஊதியக் குழுவை மற்ற விஷயங்களில் பின்பற்றியவர்கள் இந்த அட்டவணையை மட்டும் விட்டுவிட்டார்கள். பிற்பாடு 2011-ல் தனி ஊதியம் என்று மாதம் 750 ரூபாய் கொடுத்தார்கள். காயத்துக்கு பதில் வேறு இடத்தில் போட்ட கட்டு மாதிரி. அது இரு தரப்புக்குமே கிடைத்ததால் இடைவெளி அப்படியே இருந்தது.

சரி, கோர்ட்டுக்குப் போனால் என்ன? "சம வேலைக்குச் சம ஊதியம்" என்பது அரசியல் சாசனத்திலேயே இருக்கிறதே?

இருக்கிறது, 39(டி) பிரிவில். ஆனால் அது அரசுக்கான வழிகாட்டும் நெறி, நேரடியாக வழக்குப் போடக்கூடிய உரிமை இல்லை. 1962-ல் உச்ச நீதிமன்றம், இந்தக் கோட்பாட்டுக்கும் சமத்துவத்தைச் சொல்லும் 14-வது பிரிவுக்கும் சம்பந்தமே இல்லை என்று கையை உதறியது. இருபது ஆண்டுகள் கழித்து, 1982-ல், ரந்தீர் சிங் வழக்கு. டெல்லி போலீசில் இருந்த ஒரு டிரைவர் கான்ஸ்டபிள், மற்றத் துறை டிரைவர்களைவிடத் தனக்குக் குறைவாக ஏன் சம்பளம் என்று கேட்டார். நீதிபதி சின்னப்ப ரெட்டி அவர் பக்கம் நின்றார். 14-வது பிரிவையும் 39(டி)-யையும் சேர்த்துப் படித்தால் சம ஊதியம் கேட்கலாம் என்று கதவைத் திறந்தார். அதே ஆண்டு டிசம்பர் 17-ம் தேதி நகாரா வழக்கு. 1979 மார்ச் 31-க்கு முன்னால் ஓய்வு பெற்றவர்களுக்குப் புதிய பென்ஷன் விதி பொருந்தாது என்று அரசு போட்ட தேதிக்கோட்டை ஐந்து நீதிபதிகள் அமர்வு அழித்தது. ஒரு தேதியை மட்டும் வைத்து ஒரே மாதிரி ஆட்களை இரண்டாகப் பிரிப்பது தன்னிச்சையானது என்றது. 2009-க்குப் பின் சேர்ந்த ஆசிரியருக்கு இதைவிட ஆறுதலான தீர்ப்பு இருக்க முடியாது.

ஆனால் திறந்த கதவைக் கொஞ்சம் கொஞ்சமாக நீதிமன்றமே சாத்திக்கொண்டு வந்தது. 1988-ல் சவுராசியா வழக்கில், ஒரே பணிப் பிரிவுக்குள்ளேயே இரண்டு ஊதிய விகிதம் இருக்கலாம், தகுதியோ அனுபவமோ காரணமாக இருந்தால் போதும் என்றது. ஊதியம் நிர்ணயிப்பது நிபுணர் குழுக்களின் வேலை, நீதிமன்றம் ஒதுங்கி நிற்க வேண்டும் என்றும் சொன்னது. 1990-ல் கிருஷேணா குமார் வழக்கு நகாராவை அதன் சொந்த உண்மைகளுக்குள் அடைத்தது. 2016 அக்டோபரில் ஜக்ஜித் சிங் வழக்கில் மறுபடியும் ஒரு வெளிச்சம்: தற்காலிக ஊழியரும் அதே வேலையைச் செய்தால் நிரந்தர ஊழியரின் ஆரம்பச் சம்பளமாவது அவருக்குத் தர வேண்டும். அதை நம்பித்தான் பீகாரில் பஞ்சாயத்துகள் மூலம் நியமிக்கப்பட்ட "நியோஜித்" ஆசிரியர்கள், மூன்றரை லட்சத்துக்கும் மேல், வழக்கு நடத்தினார்கள். 2017-ல் பாட்னா உயர் நீதிமன்றம் சம ஊதியம் கொடு என்றது. உச்ச நீதிமன்ற விசாரணையில், பியூன் சம்பளத்தைவிட ஆசிரியர் சம்பளம் குறைவாக இருக்கிறதே என்ற கேள்வி நீதிபதிகளிடமிருந்தே வந்தது. கேள்வி வந்ததே தவிர, 2019 மே 10-ம் தேதி தீர்ப்பு அரசுக்குச் சாதகமாகத்தான் போனது. பழைய அரசு ஆசிரியர்கள் இனி ஆள் சேர்க்கப்படாத, மறைந்துகொண்டிருக்கும் பிரிவு. அவர்களோடு புதியவர்களை ஒப்பிட வேண்டியதில்லை என்பது தீர்ப்பின் முக்கியமான வாதங்களில் ஒன்று.

இந்த வாதத்தை யோசித்துப் பாருங்கள். ஆள் எடுப்பதை நிறுத்துவது அரசு. நிறுத்தியதால் பழைய பிரிவு மறைகிறது. மறைகிறது என்பதாலேயே ஒப்பிடக் கூடாது. அரசு முதலில் தேதியைக் குறித்துவிட வேண்டியதுதான், மீதி வேலையைக் காலம் பார்த்துக்கொள்ளும்.

தமிழ்நாட்டு வழக்கில் இந்த வாதம்கூடப் பொருந்தாது. பெயர் மாறவில்லை, தகுதி மாறவில்லை, நியமித்த அதிகாரி மாறவில்லை. இருவருமே இடைநிலை ஆசிரியர்தான். சட்டத்தில் இன்னொரு வசதியும் உண்டு. தவறான ஊதிய நிர்ணயம் மாதாமாதம் புதிதாகப் பிறக்கும் பாதிப்பு, அதற்குக் கேஸ் போடக் காலக்கெடு முடியாது என்று 1995-ல் எம்.ஆர். குப்தா வழக்கிலேயே சொல்லியாயிற்று. நிலுவைத் தொகையை மட்டும் வழக்குப் போட்டதற்கு முந்தைய மூன்று ஆண்டுகளுக்குள் நிறுத்திவிடுவார்கள் என்பது 2008-ல் சேர்ந்த நிபந்தனை. எனவே வழக்கு நிற்கும், ஆனால் காத்திருக்கும் ஒவ்வொரு வருடமும் ஒரு வருட நிலுவையைத் தின்னும். சர்வீஸ் கேஸ்களில் பழகியவர்களுக்கு இன்னொன்றும் தெரியும். ரிட் போட்டால் பல நேரம் கிடைப்பது, "மனுதாரரின் கோரிக்கையை இத்தனை வாரங்களுக்குள் பரிசீலித்து உத்தரவிடவும்" என்கிற உத்தரவு. பரிசீலிக்கப்படும். நிராகரிக்கப்படும். நிராகரித்த ஆணையை எதிர்த்து இன்னொரு ரிட். வக்கீல் ஃபீசுக்குச் சங்கத்தில் மறுபடி வசூல்.

அதனால்தான் இவர்கள் கோர்ட்டைவிடத் தெருவை நம்பினார்கள் என்று தோன்றுகிறது. 2018 டிசம்பரில், 2022 டிசம்பரில், 2023 செப்டம்பரில் சென்னை டி.பி.ஐ. வளாகத்தில் உண்ணாவிரதம் உட்கார்ந்தார்கள். மயங்கி விழுந்தவர்களை ஆம்புலன்சில் ஏற்றினார்கள். பல பெண் ஆசிரியைகள் கைக்குழந்தையோடு வந்திருந்தார்கள். சங்கத்தின் பெயரைக் கவனியுங்கள்: இடைநிலை பதிவு மூப்பு ஆசிரியர் சங்கம். வேலை கிடைத்துப் பத்து வருடத்துக்கு மேலான பின்பும், வேலைக்காகக் காத்திருந்த காலத்தைப் பெயரிலேயே சுமந்துகொண்டு ஒரு சங்கம். மொத்தம் இருபதாயிரம் பேர் அளவுக்குத்தான் பாதிக்கப்பட்டவர்கள். எந்தத் தொகுதியிலும் முடிவை மாற்றும் எண்ணிக்கை இல்லை. ஜாக்டோ-ஜியோ மேடைகளில் இவர்களின் கோரிக்கை பட்டியலில் ஒன்றாக இருக்கும், முதல் வரியில் இருக்காது. பெரிய சங்கங்களில் பொறுப்பில் இருப்பவர்கள் பெரும்பாலும் 2009-க்கு முன் சேர்ந்தவர்கள் என்பதையும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

2021 தேர்தல் அறிக்கையில் தி.மு.க. இந்த முரண்பாட்டைக் களைவதாக வாக்களித்தது. 2023 ஜனவரி 1-ம் தேதி, உண்ணாவிரதப் பந்தலில் புத்தாண்டு பிறந்த நாளில், மூன்று பேர் குழு அமைக்கப்படும் என்று முதல்வர் அறிவித்தார். அதே செப்டம்பரில் அவர்கள் மறுபடி அதே வளாகத்தில் பாய் விரித்தார்கள்.

இதற்கிடையில் டெல்லியிலிருந்து புதிதாக ஒரு தேதி வந்து சேர்ந்தது. 2010 ஆகஸ்ட் 23-ம் தேதி அறிவிக்கையின்படி, அதற்குப் பிறகு நியமனமாகும் ஆசிரியர்களுக்கு டெட் தேர்வு கட்டாயம். 2009-ல் சேர்ந்தவர்கள் அதற்கு முந்தியவர்கள் என்பதால் டெட் எழுத வேண்டியதில்லை என்றே பதினைந்து வருடமாக எல்லோரும் புரிந்துவைத்திருந்தார்கள். ஒரே ஒரு கோட்டுக்காவது நல்ல பக்கத்தில் இருந்தார்கள். 2025 செப்டம்பர் 1-ம் தேதி உச்ச நீதிமன்றத்தில் நீதிபதிகள் தீபாங்கர் தத்தா, மன்மோகன் அமர்வு அதையும் மாற்றியது. ஓய்வு பெற ஐந்து ஆண்டுக்கு மேல் சர்வீஸ் மீதியுள்ள எல்லா ஆசிரியர்களும் இரண்டு ஆண்டுக்குள் டெட் தேர்ச்சி பெற வேண்டும், இல்லாவிட்டால் வேலையை விட்டுப் போக வேண்டும். ஐந்து ஆண்டுக்குள் ஓய்வு பெறுகிறவர்கள் எழுதாமலே தொடரலாம், ஆனால் பதவி உயர்வு கிடையாது. சிறுபான்மைப் பள்ளிகளுக்கு மட்டும் விஷயம் பெரிய அமர்வுக்குப் போயிருக்கிறது. தமிழ்நாடு உட்படச் சில மாநிலங்கள் சீராய்வு மனு போட்டன.

2009 ஜூனில் முப்பத்தைந்து வயதில் வேலைக்கு வந்த ஒரு இடைநிலை ஆசிரியர், 2034-ல் ஓய்வு பெறுவார். அந்தத் தீர்ப்பின்படி அவர் 2027 செப்டம்பர் 1-க்குள் தேர்வு எழுதித் தேறியாக வேண்டும். தன்னிடம் ஐந்தாம் வகுப்பு படித்துவிட்டு, ஆசிரியர் பயிற்சி முடித்து, அதே தேர்வு ஹாலில் வந்து உட்காரும் பழைய மாணவர்களோடு சேர்ந்து.